பென்னாகரம் சாலையில் ஒரு யாழ்ப்பாணச் சமையல்

தருமபுரியிலிருந்து பென்னாகரம் செல்லும் சாலையில், நகரத்துச் சந்தடி அடங்கி ஒகேனக்கல் வண்டிகள் வேகமெடுக்கத் தொடங்கும் இடத்தில், தகரக் கூரை போட்ட சிறிய உணவகம் ஒன்று இருக்கிறது. நீல நிறப் பலகையில் "இடியப்பம், பிட்டு, கொத்து" என்று எழுதியிருப்பதைத் தவிர அதற்கு வேறு பெயர் கிடையாது. மாவட்டத்திலுள்ள இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம் ஒன்றில் வசிக்கும் மூன்று பெண்கள், மகளிர் சுய உதவிக் குழுவில் வாங்கிய கடனை முதலாகப் போட்டு இதை நடத்துகிறார்கள். இந்தக் கடையைப் பற்றி ஊரில் பேசுகிறவர்களில் பலர், "பாவம், அகதிகள், நாம்தான் ஆதரிக்க வேண்டும்" என்ற குரலிலேயே பேசுகிறார்கள். அந்தக் குரலில் எனக்கு உடன்பாடில்லை. அங்கே போய்ச் சாப்பிட இரக்கம் தேவையில்லை. பசியும் பழகாத ருசிக்கு இடம்கொடுக்கும் நாக்கும் போதும். மற்ற உணவகங்களை எந்தக் கண்டிப்போடு எடைபோடுவேனோ அதே கண்டிப்போடுதான் இதையும் எடைபோடுகிறேன். போரில் வீடு வாசல் இழந்தவர்கள் தங்களைத் தாங்களே எப்படி மீட்டுக்கொள்கிறார்கள் என்பது, அவர்கள் சமையலைப் பற்றிப் பேசும்போது தானாகவே பேச்சில் வந்துவிடும்.

காலையில் போனால் முதலில் கேட்க வேண்டியது சிவப்பு இடியப்பம். யாழ்ப்பாணத்தில் இதற்கு மொட்டைக்கறுப்பன் என்னும் சிவப்பரிசியை எடுப்பார்கள். அது இங்கே கிடைப்பதில்லை என்பதால், தருமபுரிக் கடைத்தெருவில் கிடைக்கும் சிவப்பரிசியை வாங்கிக் களைந்து, நிழலில் உலர்த்தி, அரைத்து, அந்த மாவைப் பெரிய இரும்புச் சட்டியில் நிதானமான தீயில் வறுத்துவைக்கிறார்கள். கொஞ்சம் குறைவாக வறுத்தால் இடியப்பம் பிசுபிசுக்கும். கொஞ்சம் கூடினால் பிழியும்போதே அறுந்துவிடும். இங்கே அந்தப் பக்குவம் தவறி நான் கண்டதில்லை. உள்ளங்கையளவு வட்டங்களாகப் பிழிந்து அவித்த இடியப்பம் தட்டில் இழை இழையாகப் பிரிகிறது, ஆனால் உதிர்வதில்லை.

அதற்கு ஊற்றும் சொதியைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் நம் ஊர்க்காரர்கள் முதல்முறை அதைப் பார்த்ததும் "என்னங்க இது, இவ்வளவு தண்ணியா இருக்குதே" என்றுதான் கேட்கிறார்கள். திருநெல்வேலிச் சொதியில் உள்ளதுபோல் பருப்போ காய்கறிக் கூட்டமோ இதில் இல்லை. தேங்காயின் இரண்டாம் பாலில் சின்ன வெங்காயம், கீறிய பச்சை மிளகாய், வெந்தயம், மஞ்சள், கறிவேப்பிலை போட்டுக் கொதிக்கவிட்டு, வெங்காயம் வெந்ததும் தடித்த முதற்பாலை ஊற்றுகிறார்கள். அந்த நிமிடத்திலிருந்து அடுப்பை விட்டு நகர்வதில்லை. பால் திரிந்துவிடாதபடி அகப்பையால் மொண்டு மொண்டு ஊற்றிக்கொண்டே இருந்து, விளிம்பில் நுரை கூடியதும் இறக்கிவிட்டு, சூடு சற்றே தணிந்த பிறகு எலுமிச்சைச் சாறு பிழிகிறார்கள். தண்ணீராகத் தெரியும் அந்தக் குழம்பில் தேங்காயின் இனிப்பும் மிளகாயின் காரமும் புளிப்பும் தனித்தனியாக நாக்கில் படுகின்றன. அருகில் வைக்கும் சம்பல் உரலில் இடித்தது. வறுத்த செத்தல் மிளகாய் (காய்ந்த மிளகாய்), தேங்காய், சின்ன வெங்காயம், உப்பு, எலுமிச்சை ஆகியவற்றைத் தவிர அதில் ஒன்றுமில்லை. மிக்ஸியில் அரைத்துப் பார்த்ததாகவும், தேங்காய் குழைந்து சட்னியாகிவிட்டதால் மறுநாளே உரலுக்குத் திரும்பிவிட்டதாகவும் சொன்னார்கள்.

மூவரில் மூத்தவரை எல்லோரும் அம்மா என்றே கூப்பிடுகிறார்கள். தட்டு காலியாகும் முன்பே வந்து நின்று, "தம்பி, இன்னும் ரெண்டு வைக்கட்டோ? சொதி காணுமோ?" என்று கேட்பவர் அவர். 1990ஆம் ஆண்டு மன்னாரிலிருந்து கைக்குழந்தையோடு படகேறி, மண்டபம் முகாமில் பதிந்து, அங்கிருந்து தருமபுரிக்கு அனுப்பப்பட்டவர். 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு தமிழ்நாட்டுக்கு வந்தவர்கள் முதல் அலை. 1990 ஜூனில் போர் மீண்டும் மூண்டபோது வந்தவர்கள் அடுத்த அலை. அதன் பின்னர் 1995 வாக்கிலும் 2006க்குப் பிறகும் படகுகள் வந்துகொண்டிருந்தன. அப்படி வந்தவர்களை மாநிலம் முழுவதும் பிரித்து அனுப்பியதில், நம் தருமபுரி மாவட்டத்தில் தொப்பையாறு, நாகாவதி, வாணியாறு போன்ற அணைகளை ஒட்டியும், கிருஷ்ணகிரி மாவட்டத்தில் பாம்பாறு அணைப் பக்கமும் முகாம்கள் அமைந்தன. கடலோரத்தில் பிறந்து வளர்ந்தவர்கள் கருங்கல் குன்றுகளுக்கு நடுவே, அணைத் தண்ணீரைப் பார்த்துக்கொண்டு முப்பது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்திருக்கிறார்கள் என்பதை, அந்த அணைகளுக்குச் சுற்றுலா போய் மீன் வறுவல் சாப்பிட்டுத் திரும்பும் நம்மில் எத்தனை பேர் நினைத்துப் பார்த்திருப்போம்?

இந்தக் கடையின் உண்மையான சாதனை என்று நான் கருதுவது அந்த மூத்தவரின் குரக்கன் பிட்டுதான். கேழ்வரகைத்தான் அவர்கள் குரக்கன் என்கிறார்கள். நம் இரு மாவட்டங்களும் கேழ்வரகு விளையும் மண். களியும் கூழும் நமக்குப் புதியவை அல்ல. ஆனால் அதே கேழ்வரகை, மூங்கில் குழாயிலோ அலுமினியக் குழலிலோ அடைக்காமல், பனையோலையில் முடைந்த நீத்துப்பெட்டியில் உதிரியாக அவித்துத் தரும்போது அது முற்றிலும் வேறு பலகாரமாகிவிடுகிறது. வறுத்த மாவில் கொதிநீரைத் தெளித்து, விரல் நுனிகளால் கொத்திக் கொத்திச் சிறு குறுணிகளாக்கி, துருவிய தேங்காயோடு கலந்து, கூம்பு வடிவிலான அந்தப் பெட்டியில் கொட்டிப் பானையின் வாயில் செருகுகிறார். ஓலையின் இடுக்கு வழியே ஆவி ஏறுவதால் பிட்டு வியர்த்து நனைவதில்லை, பனையோலை வாசனையும் லேசாக ஏறியிருக்கிறது. வாழைப்பழத்தோடும் சாப்பிடலாம், முதல்நாள் மீன்குழம்போடு சாப்பிட்டால் இன்னும் நன்றாயிருக்கும்.

நீத்துப்பெட்டியை அவரே முடைகிறார். முகாமுக்கு வந்த புதிதில் பத்துக்குப் பத்தடி அறையின் மூலையில் மூன்று கல் வைத்துச் சமைத்த காலத்தில், நிவாரணமாகக் கிடைத்த அரிசியைக் கஞ்சியாகவும் சோறாகவும் பொங்குவதைத் தவிர வேறெதற்கும் மனம் வரவில்லை என்றார். உள்ளூர் விவசாயி ஒருவரின் நிலத்தில் களையெடுக்கப் போனபோது, வரப்பில் வெட்டிப் போட்டிருந்த குருத்தோலையைக் கேட்டு வாங்கிவந்து, பதினாறு வயதில் பாட்டியிடம் கற்றதை விரல்கள் நினைவில் வைத்திருக்கின்றனவா என்று பார்த்தாராம். அன்று அவித்த பிட்டுக்காக அக்கம்பக்கத்து அறைகளிலிருந்து தட்டோடு வந்தவர்களைப் பற்றிச் சொல்லும்போது, நிவாரண வரிசையில் தட்டேந்தி நின்ற கைகள் முதல்முறையாக இன்னொருவருக்கு அள்ளிப் போட்டன என்றார். கடை திறப்பதற்குப் பல ஆண்டுகள் முன்பே கடை தொடங்கிவிட்டதாக எனக்குத் தோன்றியது.

இங்கே சமையலுக்கு வெளியே சில செய்திகளைச் சொல்ல வேண்டியிருக்கிறது. 2021 ஆகஸ்டில் தமிழ்நாடு அரசு அகதிகள் முகாம்களை மறுவாழ்வு முகாம்கள் என்று பெயர் மாற்றி, 317 கோடியே 40 லட்சம் ரூபாய்க்கான திட்டங்களை அறிவித்தது; அதில் பழுதடைந்த குடியிருப்புகளுக்குப் பதிலாக 7,469 வீடுகள் கட்டுவது முக்கியமானது. 106 முகாம்களில் ஏறத்தாழ 19,000 குடும்பங்கள் வசித்துவந்த நிலையில் இது பெரிய காரியம், பாராட்டுக்கும் உரியது. கான்கிரீட் கூரையும் தனிச் சமையலறையும் கிடைத்த பிறகே மாவு வறுத்துச் சேமித்துவைக்கவும், எலி கடிக்காமல் தூள் இடித்து அடைக்கவும் முடிந்தது என்று இந்தப் பெண்களே சொல்கிறார்கள். ஆனால் வீடு வந்துவிட்டால் எல்லாம் வந்துவிடுவதில்லை. மூவரில் இளையவர் இந்த மாவட்டத்தில் பிறந்து, தருமபுரியிலேயே வணிகவியல் படித்து, கல்லாவையும் கணக்கையும் பார்க்கிறார். வாடிக்கையாளர்களிடம் நம் ஊர்த் தமிழிலும் அடுப்படியில் தாயின் தமிழிலும் மாறிமாறிப் பேசுகிறார். இருந்தும் அவர் இந்தியக் குடிமகள் அல்லர். 2019ஆம் ஆண்டின் குடியுரிமைத் திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று நாடுகளிலிருந்து வந்தவர்களைப் பற்றியது. இலங்கைத் தமிழர் அதில் இல்லை. 2015 ஜனவரி 9க்கு முன் வந்து பதிவுசெய்தவர்களுக்கு, உரிய ஆவணமின்றித் தங்கியிருப்பதற்கான தண்டனையிலிருந்து 2025இல் விலக்கு கிடைத்தது ஓர் ஆறுதல். அதுவும் குடியுரிமை ஆகாது. இந்தக் கடையின் வாடகை ஒப்பந்தத்துக்கு முன்வந்து ஜாமீன் நின்றவர் பக்கத்து மாவு மில்காரர். ஒரு சமூகம் மீண்டும் கால் ஊன்றுவதற்கு அரசாணை எவ்வளவு தேவையோ, அந்த மில்காரரைப் போன்றவர்களும் அவ்வளவு தேவை என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

யாழ்ப்பாணத்து மனநல மருத்துவர் தயா சோமசுந்தரம், போரின் காயம் தனித்தனி மனங்களில் மட்டும் இருப்பதில்லை என்று நெடுங்காலமாக எழுதிவருகிறார். குடும்பத்தின் கட்டுக்கோப்பு, அயலாரிடம் வைத்த நம்பிக்கை, சாவுக்கும் வாழ்வுக்குமான சடங்குகள் ஆகிய எல்லாமே சேர்ந்து சிதைகின்றன. ஆகவே மருந்தும் ஆலோசனையும் கொடுப்பதோடு, அந்த உறவுகளையும் வழக்கங்களையும் மறுபடி உயிர்ப்பித்தால்தான் ஆறுதல் நிலைக்கும் என்பது அவருடைய கருத்து. இலங்கையின் வடமாகாணத்தில் அம்மாச்சி என்ற பெயரில் நடக்கும் பாரம்பரிய உணவகங்களை இதற்கு நல்ல உதாரணமாகச் சொல்லலாம். விவசாயத் திணைக்களத்தின் (நம் ஊர் வழக்கில் வேளாண்மைத் துறை) ஏற்பாட்டில் தொடங்கிய அந்த இடங்களில் பெண்களே வாடிக்கையாளரின் கண்முன் சமைத்து விற்று வருமானத்தைத் தாங்களே எடுத்துக்கொள்கிறார்கள். நம் பென்னாகரம் சாலைக் கடைக்கு அப்படி எந்தத் திணைக்களத்தின் கையும் கிடையாது. ஆனாலும், சொந்தக் கைப்பக்குவத்துக்குச் சொந்தமாக ஒரு விலை வைத்து, அந்த விலைக்கு ஏற்றபடி இருக்கிறதா என்று வருகிறவரைக் கேட்கும் துணிவு இரண்டு இடத்திலும் ஒன்றுதான்.

மே 18 அன்று இந்தக் கடையில் இடியப்பமும் கிடையாது, கொத்தும் கிடையாது. காலையிலிருந்து பெரிய அண்டாவில் கஞ்சி கொதிக்கிறது. அரிசி, தண்ணீர், உப்பு, அவ்வளவுதான். 2009இன் முதல் மாதங்களில் முல்லைத்தீவுக் கரையோரத்தில் சிறு நிலத் துண்டுக்குள் நெருக்கப்பட்டு, குண்டுவீச்சுக்கு நடுவே சிக்கியிருந்த மக்களின் உயிரைப் பிடித்துவைத்தது அந்த உப்புக்கஞ்சி. போர் முடிந்த அந்த மே மாதத்தின் நினைவாக, வடக்கிலும் கிழக்கிலும் ஆண்டுதோறும் முள்ளிவாய்க்கால் கஞ்சி பரிமாறப்படுகிறது. 2024இல் திருகோணமலை மாவட்டத்துச் சம்பூரில் இதைப் பரிமாறியதற்காகப் பெண்கள் கைதுசெய்யப்பட்டார்கள். மூவரில் நடுவில் உள்ளவர் கிளிநொச்சிக்காரர். 2006இல் கணவரோடு இங்கே வந்துவிட்டார், அவருடைய அண்ணன் குடும்பம் வன்னியிலேயே இருந்துவிட்டது. அண்ணியும் ஒரு பிள்ளையும்தான் முள்ளிவாய்க்காலிலிருந்து வெளியே வந்தார்கள். அன்றைக்கு அவர் யாரிடமும் காசு வாங்குவதில்லை. லாரி ஓட்டுநரும், பேருந்து நடத்துநரும், ஒகேனக்கல் போகும் குடும்பங்களும் சிரட்டையில் கஞ்சியை வாங்கிக் குடிக்கிறார்கள்; ஏன் என்று கேட்டால் சொல்கிறார், கேட்காவிட்டால் சொல்வதில்லை. நான் நின்றிருந்தபோது, நல்லம்பள்ளிப் பக்கத்துப் பெரியவர் ஒருவர் விவரம் முழுவதையும் கேட்டுவிட்டு, துண்டால் வாயைத் துடைத்துக்கொண்டு, "எங்க வூட்லயும் பஞ்சத்துல இதான் குடிச்சோம்மா, குண்டு மட்டும் இல்ல" என்றார். அந்தக் கிளிநொச்சிக்காரர் முதல்முறையாக உட்கார்ந்து அவரோடு பேசத் தொடங்கினார். ஒரு நினைவேந்தலை உணவகம் இதைவிடக் கண்ணியமாக நடத்த முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மதியம் கிடைக்கும் ஒடியற்கூழ் எல்லோருக்கும் பிடிக்கும் என்று சொல்லமாட்டேன். பொங்கலை ஒட்டிச் சந்தையில் மலிவாகக் கிடைக்கும் பனங்கிழங்கை நிறைய வாங்கி, பச்சையாகக் கிழித்து வெயிலில் காயவைத்து இடித்த மாவில் செய்வது அது. கசப்பை எடுக்க மாவை நீரில் ஊறவைத்து வடிக்கிறார்கள். ஆனாலும் ஒரு மெல்லிய கசப்பு கடைசிவரை நிற்கும், நிற்கவும் வேண்டும். யாழ்ப்பாணத்தில் நண்டும் இறாலும் கடல்மீனும் போடுவார்கள். இங்கே அணை மீன், பலாக்கொட்டை, மரவள்ளிக்கிழங்கு, பயற்றங்காய் ஆகியவற்றோடு நம் பக்கத்துப் புளியைக் கரைத்து ஊற்றுகிறார்கள். தருமபுரிப் புளியின் அழுத்தமான புளிப்பு அந்தக் கசப்புக்கு ஈடுகொடுத்து நிற்பது இந்தக் கூழில் எனக்கு மிகப் பிடித்த அம்சம். அணை மீனில் முள் அதிகம் என்பதால், சிறுபிள்ளைகளுக்குக் கொடுக்கும்போது கவனம் வேண்டும்.

குறைகளையும் சொல்ல வேண்டும். மாலையில் போடும் கொத்து ரொட்டி, காலைச் சமையலின் தரத்துக்குக் கிட்டவே வருவதில்லை. ரொட்டியை மதியமே சுட்டு நறுக்கிவைத்துவிடுவதால் விறைத்துப்போகிறது; கூட்டம் அதிகமுள்ள சனி, ஞாயிறு இரவுகளில் உப்பும் கைமீறிவிடுகிறது. ரோல்ஸில் எண்ணெய் தேங்குகிறது. கைகழுவும் இடத்தில் தண்ணீர் வடியாமல் நிற்பதைப் பலர் சுட்டிக்காட்டியும் இன்னும் சரிசெய்யவில்லை. விலைப்பட்டியலை எழுதிவைக்காததால், புதிதாக வருகிறவர்கள் ஒவ்வொன்றுக்கும் விலை கேட்கத் தயங்குகிறார்கள். இவற்றை நான் அவர்களிடமே நேரில் சொன்னேன். முகம் சுளிக்காமல் கேட்டுக்கொண்ட இளையவர், கொத்தைப் பற்றிய புகார் தனக்கும் உண்டு என்றும், ரொட்டியை அவ்வப்போது சுடுவதற்கு இன்னொரு அடுப்பு வாங்கிய பிறகே அது சரியாகும் என்றும் சொன்னார். அதுவரை மாலையில் போகிறவர்கள் பிட்டையே வாங்குவது நல்லது.

வறுத்து இடித்த கறித்தூளை வீட்டுக்கும் வாங்கிவரலாம். மிளகாய், மல்லி, சீரகம், பெருஞ்சீரகம், மிளகு, வெந்தயம், மஞ்சள், கறிவேப்பிலை என்று ஒவ்வொன்றையும் தனித்தனியாக வறுப்பதால் நிறம் நம் குழம்புத்தூளைவிடக் கறுத்திருக்கும். கருகிவிட்டது என்று எண்ண வேண்டாம். கத்தரிக்காய்க் குழம்புக்கும் நாட்டுக்கோழிக்கும் வழக்கமாகப் போடும் அளவில் முக்கால் பங்கு போட்டாலே போதும். பொட்டலத்தில் தயாரித்த தேதி இருப்பதில்லை என்பது ஒரு குறை. கேட்டால் என்றைக்கு இடித்தது என்று சொல்லிவிடுகிறார்கள்.

சொதி, சம்பலோடு ஐந்து சிவப்பு இடியப்பம் 50 ரூபாய், குரக்கன் பிட்டு 45, முட்டைக் கொத்து 90, கூழ் ஒரு கிண்ணம் 80, தூள் கால் கிலோ 160. காலை ஏழு மணிக்குத் திறக்கிறார்கள். ஒன்பதரைக்கு மேல் சொதி இருப்பது நிச்சயமில்லை. கூழ் வேண்டுமானால் சனிக்கிழமை மாலைக்குள் சொல்லிவைக்க வேண்டும். நான்கு மேசைகள்தாம் என்பதால் பெரிய குடும்பமாகப் போகிறவர்கள் காத்திருக்க நேரிடும்; கார் நிறுத்தச் சாலையின் எதிர்ப்புறத்தில் இடமிருக்கிறது. முன்னறிவிப்பில்லாமல் கடை பூட்டியிருப்பதாகச் சிலர் குறைபட்டுக்கொள்கிறார்கள். வருவாய்த் துறையினர் முகாமில் ஆள் சரிபார்க்க வரும் நாளில் மூவரும் அங்கே இருந்தாக வேண்டும். அந்த நாள் முன்கூட்டியே அவர்களுக்கும் தெரிவதில்லை. தூரத்திலிருந்து வருகிறவர்கள் புறப்படும் முன் தொலைபேசியில் கேட்டுக்கொண்டு வருவது நல்லது. எண் அந்த நீலப் பலகையின் கீழ்ப்பகுதியில் எழுதப்பட்டிருக்கிறது.